கதையின் புகலிடத்துக்கு வெளியே: குறும்படமும் மரணமும்

இரண்டு தொடக்கங்கள்

திரைப்படம் பிறந்தபோதே மரணமும் அதன் சட்டகத்துக்குள் வந்து சேர்ந்துவிட்டது. 1895 ஆம் ஆண்டில் எடிசன் நிறுவனத்துக்காக ஆல்ஃபிரட் கிளார்க் எடுத்த, இருபது நொடிகூட ஓடாத ஒரு படத்தில், ஸ்காட்லாந்து அரசி மேரி வெட்டுமரத்தின் மீது தலையை வைக்க, கோடரி ஓங்கப்படுகிறது. அந்தக் கணத்தில் படப்பிடிப்புக் கருவியை நிறுத்தி, நடிகருக்குப் பதிலாக ஒரு பொம்மையைக் கிடத்தி, மீண்டும் கருவியை ஓடவிட்டதால், பார்ப்பவரின் கண்ணுக்குத் தலை துண்டாகி விழுவதாகவே தோன்றியது. திரைக்கலையின் மிகப் பழைய தந்திரக் காட்சிகளில் ஒன்றான இது, ஒரு சாவைக் காட்டுவதற்காகவே கண்டுபிடிக்கப்பட்டது என்பது கவனத்துக்குரியது. எட்டு ஆண்டுகளுக்குப் பின், 1903 ஜனவரி 4 அன்று, நியூயார்க்கின் கோனி தீவில் அமைந்த லூனா பூங்காவில், டாப்சி என்ற யானையை மின்சாரம் பாய்ச்சிக் கொன்றபோது, அதே நிறுவனத்தின் ஒளிப்பதிவாளர்கள் அந்தச் சாவைப் படச்சுருளில் பதித்தனர். அங்கே பொம்மையும் இல்லை, தந்திரமும் இல்லை. புகை எழுகிறது, உடல் விறைக்கிறது, சரிகிறது.

நடிக்கப்பட்ட சாவு, நிகழ்ந்த சாவு என்னும் இந்த இரண்டும் திரைப்பட வரலாறு முழுவதும் இரு கிளைகளாக நீண்டு வந்துள்ளன. முழுநீளக் கதைப்படங்கள் வணிகத்தின் மைய வடிவமாக நிலைபெற்ற பிறகு, முதல் கிளை பெருகியது. திரையில் நாள்தோறும் ஆயிரக்கணக்கானோர் சுடப்பட்டும் வெட்டப்பட்டும் நோயுற்றும் இறக்கத் தொடங்கினர். இரண்டாவது கிளை செய்திப்படங்களிலும் ஆவணப்படங்களிலும் ஒதுங்கியது. இவ்விரண்டுக்கும் நடுவே, வணிகத் திரையரங்கின் கட்டாயங்களிலிருந்து விலகி, திரைப்படச் சங்கங்களிலும் விழாக்களிலும் அருங்காட்சியகங்களிலும் வாழ்ந்துவந்த குறும்படம், மரணத்தை வேறொரு கோணத்திலிருந்து அணுகும் வாய்ப்பைப் பெற்றது. அந்த வாய்ப்பு எத்தகையது, அது எவ்வாறு பயன்படுத்தப்பட்டது என்பதை, சில முதன்மையான படங்களின் வழியாக இக்கட்டுரை ஆராய்கிறது.

மறைக்கப்பட்ட சாவு

பிரெஞ்சு வரலாற்றாசிரியர் ஃபிலிப் ஆரியேஸ், மேற்கு ஐரோப்பியர் மரணத்தை எதிர்கொண்ட முறை ஆயிரம் ஆண்டுகளில் எவ்வாறு மாறிவந்தது என்பதை 1977 இல் வெளியான தம் பெருநூலில் விரிவாக ஆராய்ந்தார். இடைக்காலத்தில் இறக்கும் மனிதர் தம் படுக்கையில், குடும்பமும் அண்டை அயலாரும் குழந்தைகளும் சூழ்ந்திருக்க, விடைபெறும் சடங்குகளைத் தாமே முன்னின்று நடத்தினார். ஆரியேஸ் இதை ‘பழக்கப்படுத்தப்பட்ட மரணம்’ என்று அழைத்தார். இருபதாம் நூற்றாண்டிலோ இறப்பு வீட்டிலிருந்து மருத்துவமனைக்கு நகர்ந்தது. துக்கம் வெளிக்காட்டத் தகாத ஒன்றாகியது. சாவு நேர்ந்த இடத்தை விரைந்து துப்புரவாக்கி, அன்றாட வாழ்வு தடைபடாமல் தொடரும்படி பார்த்துக்கொள்வதே நாகரிகம் என்றானது. ஆங்கிலேய மானிடவியலர் ஜெஃப்ரி கோரர் 1955 இல் எழுதிய ஒரு கட்டுரையில், விக்டோரியா காலத்தில் பாலுறவு எப்படிப் பேசக்கூடாத பொருளாக இருந்ததோ, அதே இடத்தை இப்போது இயற்கையான மரணம் பிடித்துக்கொண்டது என்றும், அதன் விளைவாகவே வன்முறைச் சாவுகள் கேளிக்கைப் பொருளாகப் பெருகுகின்றன என்றும் வாதிட்டார். எர்னெஸ்ட் பெக்கர் 1973 இல் வெளியிட்ட ‘மரண மறுப்பு’ என்ற நூல், தான் இறக்கப்போகிறேன் என்ற அறிவை அடக்கி வைப்பதற்காகவே மனிதன் புகழையும் பண்பாட்டையும் வீரத்தையும் கட்டியெழுப்புகிறான் என்ற உளவியல் வாதத்தை முன்வைத்து, மறு ஆண்டில் புலிட்சர் பரிசையும் பெற்றது.

இம்மூவரின் கருத்துகளையும் சேர்த்துப் பார்க்கும்போது ஒரு முரண் தெளிவாகிறது. உண்மையான சாவு கண்ணிலிருந்து மறையும் அளவுக்கு, கற்பனையான சாவு கண்முன் குவிகிறது. ஆகவே ஒரு படம் மரணத்தைக் காட்டுகிறது என்பதாலேயே அது மரணத்தை எதிர்கொள்கிறது என்று சொல்லிவிட முடியாது. பெரும்பாலான கதைப்படங்களில் சாவு என்பது கதையை நகர்த்தும் ஒரு விசை மட்டுமே. தந்தையின் சாவு மகனின் பழிவாங்கலுக்குக் காரணமாகிறது. காதலியின் சாவு நாயகனின் தியாகத்துக்கு மேடையாகிறது. தீயவனின் சாவு அறத்தின் வெற்றியாகிறது. ஒவ்வொரு சாவுக்கும் ஒரு காரணமும் ஒரு பயனும் அளிக்கப்படுவதால், காரணமோ பயனோ இன்றி வரக்கூடிய தன் சொந்தச் சாவைப் பற்றி எண்ணாமலேயே பார்வையாளர் அரங்கை விட்டு வெளியேற முடிகிறது. கதை அவருக்கு ஒரு புகலிடமாகிறது.

குறும்படத்துக்கு இந்தப் புகலிடத்தைக் கட்டி முடிக்க நேரமில்லை. அமெரிக்கத் திரைக்கலை அகாதமியின் விதிப்படி நாற்பது நிமிடங்களுக்கு மேற்படாததே குறும்படம். பல விழாக்களின் வரம்பு அதைவிடவும் குறைவு. ஒரு மனிதரை அறிமுகப்படுத்தி, அவர்மீது பார்வையாளருக்குப் பற்றை வளர்த்து, அவரை இழக்கச் செய்து, அந்த இழப்புக்கு ஒரு பொருளைக் கற்பித்து ஆறுதலளிக்கும் நீண்ட நடைமுறைக்கு அந்தக் கால அளவில் இடம் போதாது. வடிவத்தின் இந்தக் குறையையே வலிமையாக மாற்றிய படைப்பாளிகள்தாம் மரணத்தைத் திரையில் உண்மையாக எதிர்கொண்டனர் என்பது இக்கட்டுரையின் மையக் கருத்து.

பிணக்கூராய்வு அறையில் ஒரு கண்

இக்கருத்துக்கு மிகக் கடுமையான சான்று, அமெரிக்கச் சோதனைப்பட இயக்குநர் ஸ்டான் பிராக்கேஜ் 1971 இல் எடுத்த ‘தன் கண்களாலேயே காணும் செயல்’ என்ற 32 நிமிடப் படம். சோதனைப்படம் என்பது கதை, நடிகர், உரையாடல் ஆகியவற்றைக் கைவிட்டு, ஒளி, நிறம், அசைவு, தொகுப்பு ஆகிய அடிப்படைக் கூறுகளைக் கொண்டே அனுபவத்தை உருவாக்க முயலும் திரைப்பட வகை. 1933 இல் பிறந்து 2003 இல் மறைந்த பிராக்கேஜ், ஏறத்தாழ நானூறு படங்களை எடுத்தவர்; அவற்றில் பெரும்பாலானவை ஒலியற்றவை. பிட்ஸ்பர்க் நகரில் காவல்துறை, மருத்துவமனை, பிணக்கூராய்வு நிலையம் ஆகிய மூன்று இடங்களில் அவர் எடுத்த மூன்று படங்கள் ‘பிட்ஸ்பர்க் முப்படங்கள்’ எனப்படுகின்றன. மேற்சொன்ன படம் அவற்றில் மூன்றாவது. அது அலெகெனி மாவட்டத்தின் பிணக்கூராய்வு நிலையத்தில் எடுக்கப்பட்டது.

படத்தில் இசை இல்லை, விளக்கவுரை இல்லை, யாருடைய பெயரும் இல்லை. தொடக்கத்தில் உடல்கள் அளக்கப்படுகின்றன. கையுறையணிந்த கைகள் ஒரு காலைத் தூக்கிப் பார்க்கின்றன, ஒரு கையை மடக்கிப் பார்க்கின்றன. பிறகு கத்தி மார்பின் மீது இறங்குகிறது; விலா எலும்புகள் வெட்டப்படுகின்றன; உள்ளுறுப்புகள் ஒவ்வொன்றாக எடுக்கப்படுகின்றன. தலையின் பின்புறம் கீறி, தோலை முன்பக்கமாக மடித்து இழுக்கும்போது, அதுவரை ஒரு மனிதரின் முகமாக இருந்தது, கழற்றி வைக்கக்கூடிய ஓர் உறையாக மாறிவிடுகிறது. முதன்முறை பார்ப்போர் பலரும் கண்ணை மூடிக்கொள்ளும் இடம் இது. ஆயினும் கண்ணைத் திறந்து பார்த்துக்கொண்டிருப்போருக்கு ஒரு மாற்றம் நேர்கிறது. கையில் பிடித்த கருவி உடலுக்கு மேலும் மேலும் நெருங்கிச் செல்லச் செல்ல, சிவப்பும் மஞ்சளும் வெண்மையுமான நிறத் திரள்கள் திரையை நிரப்புகின்றன. அருவருப்பு தளர்ந்து, அந்த இடத்தில் ஒருவகை வியப்பும், அதற்கும் பின்னால் ஓர் ஆழ்ந்த அமைதியின்மையும் வந்து சேர்கின்றன. தன் தோலுக்குக் கீழேயும் இதே நிறங்கள்தாம் இருக்கின்றன என்ற அறிவிலிருந்து எழுவது அந்த அமைதியின்மை.

இப்படத்தின் அறநிலை அதன் ஒலியின்மையில் உள்ளது. சோக இசை சேர்க்கப்பட்டிருந்தால் என்ன உணரவேண்டும் என்று பார்வையாளருக்குக் கட்டளையிட்டதாகும். மருத்துவ விளக்கம் சேர்க்கப்பட்டிருந்தால் அறிவின் பாதுகாப்பான தொலைவு அவருக்குக் கிடைத்திருக்கும். இரண்டையும் மறுத்ததன் மூலம் பிராக்கேஜ் பார்வையாளரைப் பார்த்தல் என்ற ஒரே செயலோடு தனித்து விடுகிறார். இறுதியில் மருத்துவர் ஒருவர் தம் கண்டறிதல்களை ஒலிப்பதிவுக் கருவியில் சொல்லிக்கொண்டிருப்பது காட்டப்படுகிறது; படம் ஒலியற்றது என்பதால் அவர் சொல்வது எதுவும் கேட்பதில்லை. சாவுக்கான காரணம் எங்கோ பதிவாகிறது, ஆனால் அது பார்வையாளருக்கு உரியதன்று. ஏன் இறந்தார் என்ற கேள்விக்குக் கிடைக்கும் பதில், இறத்தல் என்றால் என்ன என்ற கேள்விக்குப் பதிலாகாது என்பதை இதைவிடச் சுருக்கமாகத் திரையில் சொல்ல இயலாது.

இந்த இடத்தை பிராக்கேஜ் ஒரே பாய்ச்சலில் அடைந்துவிடவில்லை. வண்டியில் அடிபட்டு இறந்த தம் வளர்ப்பு நாயின் உடல் காட்டில் கிடந்து, பருவம் மாற மாற மண்ணோடு மண்ணாவதை அவர் 1959 இல் ‘சிரியஸ் நினைவாக’ என்ற சிறு படமாக்கினார்; தம் முதல் குழந்தையின் பிறப்பைக் காட்டும் படத்தையும் அதே ஆண்டில் வெளியிட்டார். 1963 இல் வந்த ‘விட்டில் ஒளி’ என்ற படத்துக்குப் படப்பிடிப்புக் கருவியே தேவைப்படவில்லை. விளக்குகளைச் சுற்றி இறந்து கிடந்த விட்டில்களின் சிறகுகளையும் புல் இதழ்களையும் பூவிதழ்களையும் இரண்டு ஒளிபுகும் ஒட்டுநாடாக்களுக்கு இடையே பரப்பி, அந்த நாடாவையே படச்சுருளாக அச்சிட்டு ஓட்டினார். சில நிமிடங்களே நீளும் அப்படத்தில், இறந்த சிறகுகள் படவீழ்த்தியின் ஒளியில் மீண்டும் படபடக்கின்றன. ஆனால் அது உயிர்ப்பு அன்று, உயிர்ப்பின் தோற்றம் மட்டுமே என்பதை, சிறகின் நரம்பு முறிவுகளும் விளிம்புச் சிதைவுகளும் ஒவ்வொரு சட்டகத்திலும் காட்டிக்கொடுக்கின்றன.

பார்ப்பதன் அறம்

இங்கே ஒரு கடுமையான எதிர்வாதத்தைக் கணக்கில் எடுத்தாக வேண்டும். 1951 இல் பியேர் பிரான்பெர்ஜே வெளியிட்ட காளைப்போர் ஆவணப்படத்தை முன்வைத்து எழுதிய கட்டுரையில், பிரெஞ்சுத் திரைக்கோட்பாட்டாளர் ஆந்த்ரே பாசான், மரணம் என்பது ஒருவருக்கு ஒரே ஒரு முறை மட்டுமே நேரும் கணம் என்றும், திரைப்படமோ அதை விரும்பும்போதெல்லாம் மீண்டும் நிகழ்த்திக் காட்டுகிறது என்றும், திரும்ப நிகழ முடியாததைத் திரும்ப நிகழ்த்துவதில் ஓர் அடிப்படையான ஆபாசம் உண்டு என்றும் வாதிட்டார். இந்த வாதத்தின் கூர்மை குறையவே இல்லை; கைப்பேசித் திரையில் விபத்துச் சாவுகளும் கொலைகளும் ஓயாமல் சுழன்றுகொண்டிருக்கும் இக்காலத்தில் அது இன்னும் கூர்மை பெற்றுள்ளது. எனவே சாவைப் பார்ப்பது என்பதன் அறம், எதைப் பார்க்கிறோம் என்பதைவிட எவ்வாறு பார்க்கிறோம் என்பதைப் பொறுத்தது. அமெரிக்கத் திரைக்கோட்பாட்டாளர் விவியன் சொப்சாக் 1984 இல் எழுதிய ஆய்வில், ஆவணப்படத்தில் சாவை எதிர்கொள்ளும் பார்வைகளைத் தற்செயலான பார்வை, கையறு நிலைப் பார்வை, தானே ஆபத்துக்குள்ளாகும் பார்வை, தலையிடும் பார்வை, மனிதநேயப் பார்வை, தொழில்முறைப் பார்வை எனப் பகுத்துக் காட்டினார். இப்பகுப்பின்படி, கருவி நடுங்குகிறதா, நிலைத்து நிற்கிறதா, நெருங்குகிறதா, விலகுகிறதா என்பதெல்லாம் அழகியல் தெரிவுகள் மட்டுமல்ல, படமெடுப்பவர் இறப்பவரின் முன் எங்கே நிற்கிறார் என்பதற்கான சாட்சியங்களும் ஆகும்.

இரண்டு பிரெஞ்சுக் குறும்படங்கள் இந்தச் சாட்சியத்தை அழுத்தமாக அளிக்கின்றன. ஜார்ஜ் ஃபிரான்ஜு 1949 இல் எடுத்த ‘விலங்குகளின் குருதி’ பாரிஸ் நகரின் வொஜிரார், லா வில்லெட் ஆகிய இறைச்சிக் கூடங்களில் ஒரு நாளைக் காட்டுகிறது. ஒரு வெள்ளைக் குதிரை முற்றத்துக்குள் கொண்டுவரப்படுகிறது. நெற்றியில் ஆணித்துப்பாக்கி வைக்கப்பட்டதும் அதன் நான்கு கால்களும் ஒரே நேரத்தில் மடிகின்றன. குளிர்காற்றில் குருதியிலிருந்து ஆவி எழுகிறது. வேலை செய்பவர்கள் கொடியவர்களாகக் காட்டப்படவில்லை. திறமையான தொழிலாளர்களாக, தொழிலில் காயம்பட்டவர்களாகவே காட்டப்படுகிறார்கள். நகரத்தின் உணவு மேசைக்கும் இந்த முற்றத்துக்கும் இடையே உள்ள தொலைவுதான் படத்தின் உண்மையான பொருள். கறுப்பு வெள்ளையில் எடுத்ததால் குருதி சிவப்பாகத் தெறிக்காமல் கருமையாக ஓடுகிறது. அந்த விலக்கம் பார்வையாளரைத் திருப்பி அனுப்பாமல் தொடர்ந்து பார்க்க வைக்கிறது.

ஆலென் ரெனே 1955 இல் எடுத்த ‘இரவும் மூடுபனியும்’ 32 நிமிடங்களில் நாஜி வதைமுகாம்களைப் பற்றிப் பேசுகிறது. மவுட்ஹவுசன் முகாமிலிருந்து உயிர்தப்பிய கவிஞர் ழான் கேரோல் அதன் விளக்கவுரையை எழுதினார். ஹான்ஸ் ஐஸ்லர் இசையமைத்தார். புல் முளைத்து அமைதியாகக் கிடக்கும் அன்றைய முகாம்களை வண்ணத்திலும், பத்தாண்டுகளுக்கு முந்தைய காப்பகப் படங்களைக் கறுப்பு வெள்ளையிலும் மாறிமாறி வைத்ததன் மூலம், நிலம் மறந்துவிடுகிறது, மனிதர் மறக்கலாகாது என்ற உணர்வை ரெனே எழுப்பினார். பெல்சன் முகாமில் நிலச்சமன் எந்திரம் உடல்களைக் குழிக்குள் தள்ளும் காட்சி சில நொடிகளே காட்டப்படுகிறது. அதற்கு மேல் நீட்டியிருந்தால் அது பார்வையாளரை மரத்துப்போகச் செய்திருக்கும். இங்கே சுருக்கம் என்பது இறந்தோருக்குச் செலுத்தப்பட்ட மரியாதை. அதே வேளையில், அம்முகாம்களில் கொல்லப்பட்டோரில் மிகப் பெரும்பான்மையினர் யூதர்கள் என்பதைப் படத்தின் உரை அழுத்திச் சொல்லவில்லை என்ற விமர்சனம் நியாயமானது. பிரான்சின் தடுப்பு முகாம் ஒன்றைக் காவல் காத்த பிரெஞ்சுக் காவலரின் தொப்பியை ஒரு படத்தில் மறைக்குமாறு தணிக்கை அதிகாரிகள் கட்டாயப்படுத்தியதும், மேற்கு ஜெர்மனியின் எதிர்ப்பால் 1956 இல் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவிலிருந்து படம் விலக்கப்பட்டதும், மறைக்கப்பட்ட சாவைக் காட்டுவது அரசியல் செயலாகவும் ஆகிறது என்பதற்குச் சான்றுகள்.

கடைசிக் கணத்தின் நீளம்

உடலைக் காட்டும் படங்களுக்கு ஓர் எல்லை உண்டு. அவை மற்றவரின் சாவைக் காட்டும். பார்வையாளரின் சொந்தச் சாவை உள்ளிருந்து காட்ட அவற்றால் இயலாது. அந்த இயலாமையோடு போராடியவை வேறு இரண்டு குறும்படங்கள்.

அமெரிக்க உள்நாட்டுப் போரைக் களமாகக் கொண்டு ஆம்புரோஸ் பியர்ஸ் 1890 இல் வெளியிட்ட சிறுகதையை, ரொபேர் என்ரிக்கோ ‘ஆந்தை ஆறு’ என்ற பிரெஞ்சுக் குறும்படமாக்கினார். 1962 இல் கான் விழாவில் குறும்படத்துக்கான தங்கப் பனையையும், பின்னர் ஆஸ்கர் விருதையும் பெற்ற அப்படம், 1964 பிப்ரவரியில் ‘டுவைலைட் ஸோன்’ என்ற அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் ஒரு பகுதியாகவும் ஒளிபரப்பானது. பாலத்தின் மீது தூக்குக் கயிறு மாட்டப்பட்ட ஒருவர் கீழே தள்ளப்படுகிறார். கயிறு அறுந்து ஆற்றில் விழுகிறார். கட்டுகளை அவிழ்த்து, குண்டுகளுக்குத் தப்பி நீந்திக் கரையேறுகிறார். கரையேறியபின் அவர் பார்ப்பது இலையின் நரம்புகளை, சிறு பூச்சிகளை, மண்ணை. உயிரோடிருப்பதன் ஒவ்வொரு துணுக்கும் அண்மைக் காட்சியில் ஒளிர்கிறது. காடு கடந்து ஓடி, வீட்டு வாசலில் மனைவியை நோக்கிக் கையை நீட்டும்போது அவர் கழுத்து பின்னோக்கி வெட்டி இழுபடுகிறது. உடல் பாலத்தின் கீழ் தொங்குகிறது. பார்த்தது முழுவதும் விழுதலுக்கும் கயிறு இறுகுதலுக்கும் இடைப்பட்ட ஒரு கணம். படம் முடிந்தபின் பார்வையாளரிடம் எஞ்சுவது ஏமாற்றப்பட்ட உணர்வு அன்று. அந்த இலையும் பூச்சியும் தனக்கு இன்னும் கிடைத்துக்கொண்டிருக்கின்றன என்ற, கூச்சம் கலந்த நன்றியுணர்வு.

கிறிஸ் மார்க்கர் 1962 இல் உருவாக்கிய ‘விமான மேடை’ 28 நிமிடங்கள் ஓடுகிறது. ஆனால் ஏறக்குறைய முழுவதும் அசையாத ஒளிப்படங்களால் ஆனது. சிறுவயதில் ஓர்லி விமான நிலையத்தில் ஒரு பெண்ணின் முகத்தையும் ஒரு மனிதரின் சாவையும் கண்டவர், மூன்றாம் உலகப் போருக்குப் பின் பாரிஸின் சுரங்கங்களில் கைதியாகி, காலப்பயணச் சோதனைக்கு உட்படுத்தப்பட்டு, இறுதியில் அதே மேடைக்குத் திரும்பி ஓடும்போது, சிறுவயதில் தான் கண்டது தன் சொந்தச் சாவையே என்று உணர்கிறார். ஒவ்வோர் ஒளிப்படமும் நின்றுபோன ஒரு கணம் என்பதால், அசையாத படங்களின் வரிசை சாவின் இலக்கணத்தையே கொண்டுள்ளது. அந்த வரிசையில் ஒரே ஒரு முறை, உறங்கும் பெண் கண் திறந்து இமைக்கும்போது மட்டும், சில நொடிகள் படம் அசைகிறது. அதற்கு முன்பும் பின்பும் உள்ள அசைவின்மையால்தான் அந்த இமைப்பு உயிர் என்பதன் முழுப் பொருளையும் தாங்கி நிற்கிறது.

எஞ்சியிருப்போர்

சாவைச் சாகிறவர் ஒரு கணமே அறிகிறார். எஞ்சியிருப்போர் பல ஆண்டுகள் அறிகிறார்கள். அந்த ஆண்டுகளை எட்டே நிமிடங்களில் காட்டியது, மைக்கேல் டூடாக் டி விட் 2000 இல் உருவாக்கி, மறு ஆண்டில் ஆஸ்கர் பெற்ற ‘தந்தையும் மகளும்’ என்ற அனிமேஷன் படம். நெதர்லாந்தின் தட்டையான நிலவெளியில், ஒரு தந்தை மகளைக் கரையில் விட்டுப் படகேறிச் செல்கிறார், திரும்புவதில்லை. மகள் மிதிவண்டியில் மீண்டும் மீண்டும் அந்தக் கரைக்கு வருகிறாள். சிறுமியாக, தோழிகளோடு, கணவனோடு, குழந்தைகளோடு, பின்னர் தனியாக. உரையாடல் ஏதுமில்லை. முதுமையில் அவள் மிதிவண்டியை நிறுத்த முயலும்போது அது சரிந்து விழுகிறது, தூக்கி நிறுத்துகிறாள், மீண்டும் விழுகிறது, விட்டுவிடுகிறாள். உடல் தளர்வதையும் மனம் விட்டுக்கொடுப்பதையும் அந்தச் சிறு செயல் ஒருசேரச் சொல்லிவிடுகிறது. பின்பு அவள் வற்றிப்போன நீர்நிலைக்குள் இறங்கிச் சென்று, புல்லிடையே புதைந்து கிடக்கும் படகைக் காண்கிறாள். அதன்பின் வரும் சந்திப்பு சாவா, கனவா, மறுமையா என்று படம் சொல்வதில்லை. ஆறுதல் இங்கே உண்டு. ஆயினும் ஒரு வாழ்நாள் முழுவதும் காத்திருந்த பிறகே அது வருவதால், மலிவான ஆறுதலாகத் தோன்றுவதில்லை.

அமெரிக்க அனிமேஷன் கலைஞர் டான் ஹெர்ட்ஸ்ஃபெல்ட் 2006 முதல் 2011 வரை உருவாக்கிய மூன்று குறும்படங்கள் எதிர்த்திசையில் செல்கின்றன. குச்சி உருவமாக வரையப்பட்ட பில் என்ற சாதாரண மனிதன் நினைவையும் உடலையும் படிப்படியாக இழக்கிறான். இறுதியில் அவன் இறக்கும் தறுவாயில், கதைசொல்லி அந்தச் சாவை ஏற்க மறுத்து, அவன் எழுந்து நடப்பதாகவும், நூற்றாண்டுகள் கடந்தும் வாழ்வதாகவும், விண்மீன்கள் அணையும்வரை இருப்பதாகவும் சொல்லிக்கொண்டே போகிறார். பெக்கர் விவரித்த மரண மறுப்பு இங்கே ஒரு கதைசொல்லியின் கெஞ்சலாக வெளிப்படையாகிறது. சாவில்லாமை நீள நீள அது எவ்வளவு வெறுமையானது என்பதும் கூடவே புலனாகிறது. சில கோடுகளே முகமாக அமைந்த ஓர் உருவத்துக்காகப் பார்வையாளர் துயருறுவது, மரணத்தைப் பற்றிய உணர்வுக்கு நடிகரின் முகமோ குருதியோ இன்றியமையாதவை அல்ல என்பதையும் நிறுவுகிறது.

தமிழ்ச் சூழலில் மறைந்திருப்பது

ஆரியேஸ் விவரித்த மறைப்பு ஐரோப்பிய, அமெரிக்க நகரங்களின் வரலாறு. அதை அப்படியே தமிழ்நாட்டுக்குப் பொருத்த இயலாது. இங்கே சாவு தெருவுக்குச் சொந்தமானது. வாசலில் பந்தல், பறையோசை, ஒப்பாரி, நீர்மாலை, பேரப்பிள்ளைகளின் நெய்ப்பந்தம், தெருமுனையில் கண்ணீர் அஞ்சலிப் பதாகை என்று ஊரே ஒரு சாவைப் பார்க்கிறது. குழந்தைகளும் பார்க்கிறார்கள். குளிர்பெட்டிகளும் மின்தகன மேடைகளும் மருத்துவமனைச் சாவுகளும் பெருகிவிட்ட பிறகும் இந்தப் பொதுத்தன்மை முற்றிலும் கலைந்துவிடவில்லை. ஆனால் தமிழ்ச் சமூகமும் ஒன்றை மறைக்கிறது. அது சாவன்று, சாவைச் சுமக்கும் உழைப்பு. குழி வெட்டுபவர், பிணம் எரிப்பவர், பறையடிப்பவர், கூலிக்கு ஒப்பாரி பாடுபவர் ஆகியோரின் உழைப்பு சாதியால் விதிக்கப்பட்டு, தீட்டு என்று ஒதுக்கப்பட்டு, சடங்கு முடிந்ததும் ஊரின் கண்ணிலிருந்து அகற்றப்படுகிறது.

லீனா மணிமேகலை இந்நூற்றாண்டின் முதல் பத்தாண்டில் எடுத்த, முக்கால் மணி நேரத்துக்கும் குறைவாக ஓடும் ‘தேவதைகள்’ என்ற ஆவணப்படம் இந்த மறைப்பை நோக்கியே கருவியைத் திருப்பியது. அதில் வரும் மூன்று பெண்களில் ஒருவர் ஒப்பாரி பாடுபவர். மற்றொருவர் உரிமை கோர ஆளில்லாத பிணங்களைப் புதைப்பவர். மூன்றாமவர் கடலில் மீன்பிடிப்பவர். அகாதமியின் வரம்பைச் சற்றே தாண்டினாலும், அணுகுமுறையில் இது இங்கே பேசப்பட்ட குறும்படங்களின் வழியில் வருகிறது. சாவோடு அன்றாடம் புழங்கும் இந்தப் பெண்களின் பேச்சிலும் சிரிப்பிலும் தென்படும் துணிவு, சாவைத் தத்துவமாக மட்டுமே அறிந்தவர்களுக்கு எளிதில் வாய்ப்பதன்று. எந்தச் சமூகம் சாவின் எந்தப் பகுதியை மறைக்கிறதோ, அந்தப் பகுதியைத் தேடிச் செல்வதே குறும்படத்தின் பணி என்ற கருத்து இங்கே உறுதிபெறுகிறது. பிட்ஸ்பர்க்கில் மறைந்திருந்தது உடல், பாரிஸில் கொலைக்கூடம், தமிழ்நாட்டில் உழைப்பவரின் முகம்.

முடிவாக

மேலே ஆராயப்பட்ட படங்கள் ஒன்றோடொன்று மிகவும் வேறுபட்டவை. சில உண்மையான உடல்களைக் காட்டுகின்றன, சில கோட்டுருவங்களை. சில ஒலியற்றவை, சில இசையால் நிறைந்தவை. அவற்றை இணைப்பது ஒரு பொதுவான மறுப்பு. சாவுக்குக் கதைசார்ந்த ஒரு பயனைக் கற்பிக்க அவை மறுக்கின்றன. பிராக்கேஜின் உடல்களுக்கு வாழ்க்கை வரலாறு இல்லை; என்ரிக்கோவின் மனிதர் எதையும் சாதிப்பதில்லை; டூடாக் டி விட் காட்டும் தந்தை ஏன் போனார் என்பது தெரிவதில்லை. காரணமும் பயனும் நீக்கப்பட்ட இடத்தில் மரணம் என்ற நிகழ்வு மட்டும் எஞ்சுகிறது. அதன் முன் பார்வையாளர் எட்டு நிமிடமோ அரை மணி நேரமோ அமர்ந்திருக்க நேர்கிறது.

இத்தகைய பார்வை அச்சத்தைப் போக்கிவிடும் என்று கூறுவது மிகையாகும். பிணக்கூராய்வுப் படத்தைப் பார்த்தவர் சாவுக்கு அஞ்சாதவராகிவிடுவதில்லை; பாசான் எழுப்பிய எச்சரிக்கையும் தீர்ந்துவிடவில்லை. இப்படங்கள் தருவது துணிவைவிட எளிமையான, ஆனால் துணிவுக்கு அடிப்படையான ஒன்று: விலகிப்போகாமல் பார்க்கும் பயிற்சி. நோயுற்றுக் கிடக்கும் பெற்றோரின் அருகில், மருத்துவமனை வாசலில், இழவு வீட்டில் ஒருவருக்குத் தேவைப்படுவதும் இதே பயிற்சிதான். இப்பயிற்சியைத் தம் சாவின் அருகிலும் கைவிடாமல், புற்றுநோயால் இறந்துகொண்டிருந்த பிராக்கேஜ், தம் கடைசி மாதங்களில், கருவியைக் கையாள வலுவில்லாத நிலையில், படச்சுருளின் பூச்சை எச்சிலால் இளக்கி விரல் நகத்தால் கீறி ஒரு சிறு படத்தை உருவாக்கினார். மரணத்தைப் பற்றிய குறும்படங்களை விழாக்களிலும் கல்லூரி வகுப்புகளிலும் கேளிக்கைக்கு அப்பாற்பட்ட கவனத்தோடு திரையிடுவதும், பார்த்தபின் அவற்றைப் பற்றித் தயக்கமின்றிப் பேசுவதும், சாவைக் குறித்துப் பேச மறந்துகொண்டிருக்கும் நகரச் சமூகங்களுக்கு இன்று தேவையான கல்வியாகும். சில நிமிடங்களே நீளும் ஒரு படத்தால் அந்தக் கல்வியைத் தொடங்கி வைக்க முடியும் என்பதற்கு, இங்கே பேசப்பட்ட படைப்புகளே போதிய சான்று.